எழுதி வைத்த ஆட்டம்

திருவல்லிக்கேணியில் ஒரு நடைபாதைக் கடையில், அட்டை கிழிந்த பழைய செஸ் புத்தகம் ஒன்றை அறுபது ரூபாய்க்கு வாங்கினேன். அப்போது எனக்குக் காய்களை நகர்த்தத் தெரியும், அண்ணனிடம் தோற்கத் தெரியும், அவ்வளவுதான். வீட்டுக்கு வந்து பிரித்தால் பக்கம் பக்கமாக எழுத்தும் எண்ணும் கோடும்தான். மளிகைக் கடைக்காரர் தனக்கு மட்டும் புரியும்படி கிறுக்கி வைத்த கடன் சீட்டு மாதிரி இருந்தது. இரண்டு நாள் முறைத்துப் பார்த்துவிட்டுப் பரண் மேல் போட்டேன்.

பல வருஷம் கழித்து ஆஸ்திரிய எழுத்தாளர் ஸ்டெஃபான் ஸ்வைக்கின் சதுரங்கக் கதையைப் படித்தபோது, என் நிலைமையில் இன்னொரு ஆள் மாட்டிக்கொண்டிருப்பதைப் பார்த்தேன். அவருடைய நிலைமை இன்னும் மோசம். வியன்னாவில் ஒரு ஹோட்டல் அறையில் நாஜி ரகசியப் போலீஸ் அவரைத் தனியாக அடைத்து வைத்திருக்கிறது. அடி, உதை கிடையாது. பேச ஆள் இல்லை, படிக்க ஒரு துண்டுக் காகிதம் இல்லை. கதையில் அவருக்கு டாக்டர் பி. என்று மட்டும்தான் பெயர். ஒரு நாள் விசாரணைக்குக் காத்திருக்கும் அறையில் அதிகாரியின் கோட்டுப் பையில் ஒரு புத்தகம் துருத்திக்கொண்டு நிற்பதைப் பார்த்து, உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு திருடிவிடுகிறார். கதேயாக இருக்குமா, ஹோமராக இருக்குமா என்று ஆசையோடு பிரித்தால் செஸ் புத்தகம். பெரிய ஆட்டக்காரர்கள் ஆடிய 150 ஆட்டங்கள். விளக்கம் எதுவும் இல்லை. சாவி கிடைக்காத அல்ஜீப்ரா போல் இருக்கிறது அவருக்கு.

அந்த அல்ஜீப்ராவைத்தான் சதுரங்கக் குறியீடு என்கிறார்கள். செஸ் வகுப்புகளில் நோட்டேஷன் என்பார்கள். செஸ் பற்றிய கதையோ பாடப் புத்தகமோ எதைக் கையில் எடுத்தாலும் இது எங்காவது எதிர்ப்படும். இது என்னவென்று தெரிந்துகொண்டால் இரண்டு வகைப் புத்தகங்களுமே கொஞ்சம் திறந்துகொள்ளும்.

முதலில், ஓர் ஆட்டத்தை எழுதி வைக்க முடியும் என்பதே எவ்வளவு வினோதமான விஷயம் என்று பாருங்கள். 2003 உலகக் கோப்பையில் பாகிஸ்தானுக்கு எதிராகச் சச்சின் 75 பந்தில் 98 ரன் எடுத்தார் என்று ஸ்கோர் கார்டு சொல்லும். ஷோயப் அக்தரை அவர் தேர்டு மேன் பக்கம் தூக்கி அடித்த சிக்ஸரை ஸ்கோர் கார்டு திருப்பித் தராது. செஸ்ஸில் அப்படி இல்லை. 1851இல் லண்டனில் ஆண்டர்சனும் கீசரிட்ஸ்கியும் விளையாட்டாக ஆடிய ஓர் ஆட்டம், 'அழியாத ஆட்டம்' என்றே பெயர் வாங்கியது. அதன் 23 நகர்த்தல்களும் நான்கைந்து வரியில் அடங்கிவிடும். அந்த வரிகளை வைத்துக்கொண்டு இன்று ராத்திரி உங்கள் வீட்டுச் சாப்பாட்டு மேஜையில் அதே ஆட்டத்தை ஒரு காய் பிசகாமல் திரும்ப நடத்தலாம். எழுதி வைத்தது ஆட்டத்தின் சுருக்கம் அல்ல, ஆட்டமேதான். ஸ்வரப்படுத்தி வைத்த கீர்த்தனை மாதிரி. படிக்கத் தெரிந்தவர் பாடிக்கொள்ளலாம்.

சரி, படிப்பது எப்படி?

பலகையை வெள்ளைக் காய்க்காரர் பக்கத்திலிருந்து பாருங்கள். இடமிருந்து வலமாக எட்டு செங்குத்து வரிசைகள். அவற்றுக்கு ஏ, பி, சி, டி, இ, எஃப், ஜி, எச் என்று பெயர். கீழிருந்து மேலாக எட்டு கிடை வரிசைகள், 1 முதல் 8 வரை. தியேட்டர் சீட்டு நம்பர் மாதிரி ஒவ்வொரு கட்டத்துக்கும் ஒரே ஒரு பெயர்தான். வெள்ளை ராஜா நிற்பது இ1. அவருக்கு இடது பக்கம் ராணி, டி1. வெள்ளைக்காரரின் வலது கை மூலையில் உள்ள எச்1 எப்போதும் வெளிர்நிறக் கட்டமாக இருக்க வேண்டும். இந்த ஒன்றை மட்டும் மனதில் வைத்துக்கொண்டு விளம்பரங்கள், சினிமாக்கள், புத்தக அட்டைகளைக் கவனியுங்கள். பலகையைத் திருப்பிப் போட்டிருப்பவர்கள் எத்தனை பேர் என்று பார்த்தால் சிரிப்பு வரும்.

நகர்த்தலை எழுதும்போது காயின் பெயரையும் அது போய்ச் சேரும் கட்டத்தையும் எழுதினால் போதும். 'குதிரை எஃப்3' என்றால் குதிரை எஃப்3 கட்டத்துக்கு வந்தது. சிப்பாய்க்கு மட்டும் பெயர் போடுவதில்லை, வெறுமனே 'இ4' என்றால் சிப்பாய்தான். வெட்டினால் பெருக்கல் குறி, செக் கொடுத்தால் கூட்டல் குறி, செக்மேட் என்றால் #. ஆங்கிலப் புத்தகங்களில் காயின் பெயருக்கு ஓர் எழுத்துதான். ராஜாவுக்கும் குதிரைக்கும் அங்கே முதலெழுத்து ஒன்றாகிவிட்டதால் குதிரை தன் இரண்டாவது எழுத்தை எடுத்துக்கொண்டது. ரஷ்ய மொழியிலும் இதே தகராறு, அங்கே ராஜாவுக்கு இரண்டெழுத்து. தமிழில் யாராவது முயன்றால் ராஜா, ராணி இரண்டுமே 'ரா'வில் வந்து நிற்கும். இந்த வம்பே வேண்டாம் என்று இப்போது பல புத்தகங்களில் எழுத்துக்குப் பதில் குட்டிக் குட்டிக் காய்ப் படங்களையே அச்சிடுகிறார்கள்.

பழகிப் பார்க்க உலகத்திலேயே சின்ன ஆட்டம் ஒன்று:

1. எஃப்3 இ5 2. ஜி4 ராணி எச்4 #

இவ்வளவுதான் முழு ஆட்டமும். வெள்ளை தன் ராஜாவுக்குப் பக்கத்திலிருந்த சிப்பாயை ஒரு கட்டம் தள்ளுகிறது. கறுப்பு நடுவில் ஒரு சிப்பாயை இரண்டு கட்டம் தள்ளி, தன் ராணிக்கு வழி திறந்துகொள்கிறது. வெள்ளை அதைக் கவனிக்காமல் இன்னொரு சிப்பாயைத் தூக்கி ஜி4இல் வைக்கிறது. கறுப்பு ராணி சாய்வாக ஒரே ஓட்டமாக எச்4க்கு வருகிறாள். குறுக்கே மறிக்க ஆள் இல்லை, ராஜா ஒதுங்க இடம் இல்லை. ஆட்டம் முடிந்தது. ஆங்கிலத்தில் இதை முட்டாளின் மேட் என்று சொல்வார்கள். பலகையில் வைத்து ஒரு தடவை ஆடிப் பார்த்தீர்கள் என்றால் குறியீட்டில் பாதி வந்துவிட்டது.

நம் டாக்டர் பி.யும் இப்படித்தான் தட்டுத் தடுமாறிக் கண்டுபிடிக்கிறார். எழுத்து நெடுக்கு வரிசை, எண் குறுக்கு வரிசை. கட்டம் போட்ட படுக்கை விரிப்பை மடித்துப் பலகையாக்குகிறார். சாப்பிடக் கொடுத்த ரொட்டியில் மிச்சம் பிடித்துக் காய்களை உருட்டுகிறார். பாதிக் காய்களைத் தூசியில் புரட்டி நிறம் மாற்றுகிறார். ஆறு நாளில் ஓர் ஆட்டத்தைப் பிழையில்லாமல் ஆடிவிடுகிறார். இன்னும் எட்டு நாளில் ரொட்டிக் காய் தேவையில்லை. அதற்கும் எட்டு நாள் கழித்துப் படுக்கை விரிப்பும் தேவையில்லை. புத்தகத்தைப் பார்த்தாலே பலகை தலைக்குள் ஓடுகிறது. 150 ஆட்டமும் மனப்பாடம் ஆகி அலுத்துப்போன பிறகுதான் வினை. புது ஆட்டம் வேண்டுமே? தனக்கு எதிராகத் தானே ஆடத் தொடங்குகிறார். வெள்ளையாக யோசிக்கும்போது கறுப்பாக என்ன யோசித்தோம் என்பது தெரியக் கூடாது, ஆனால் தெரிகிறது. மனம் இரண்டாகக் கிழிகிறது.

பிறகு விடுதலையாகிக் கப்பலில் போகும்போது அவர் சந்திக்கும் உலக சாம்பியன் செண்டோவிச் இதற்கு நேர் எதிர். படிப்பு ஏறாதவன். பலகையைக் கண்ணால் பார்க்காமல் அவனால் ஒரு நகர்த்தல்கூட யோசிக்க முடியாது, அதனால் மடக்குப் பலகை ஒன்றை எப்போதும் சட்டைப்பையில் வைத்திருக்கிறான். ஒருவருக்குக் குறியீடு மட்டும் போதும், இன்னொருவனுக்குக் காய் மட்டும்தான் தெரியும். இந்த இரண்டு பேரையும் எதிரெதிரே உட்கார வைத்துவிட்டார் ஸ்வைக். டாக்டர் பி. ஆட்டத்துக்குள் நுழையும் காட்சியிலும் புத்தகம் இருக்கிறது. சாம்பியனை எதிர்த்து ஆடும் பயணிகள் ஒரு சிப்பாயை ராணியாக்கப் போகும் நேரத்தில் ஓடிவந்து தடுக்கிறார். இதே மாதிரி ஓர் ஆட்டத்தை 1922இல் பிஸ்தியானில் அலெகின் பொகோலியுபோவுக்கு எதிராக ஆடியிருக்கிறார் என்கிறார். அந்த ஊர், அந்தப் போட்டி, அந்த இருவர், எல்லாமே நிஜம். சிறையறையில் மனப்பாடம் செய்த ஒரு வரி கப்பலில் வேலை செய்கிறது.

பிரேசிலில் அகதியாக இருந்தபோது ஸ்வைக் எழுதிய கடைசிப் புனைகதைகளில் ஒன்று இது. 1942 பிப்ரவரியில் அவரும் மனைவியும் தற்கொலை செய்துகொண்டார்கள். கதை அந்த ஆண்டுதான் புவெனஸ் ஐரிஸில் அச்சானது. ஒரே மூச்சில் படித்துவிடலாம். செஸ் கதை எதையும் படித்ததில்லை என்று யாராவது சொன்னால் நான் முதலில் நீட்டுவது இதைத்தான்.

இரண்டாவதாக நீட்டுவது ரஷ்ய எழுத்தாளர் விளாதிமிர் நபகோவின் 'லூஷினின் தற்காப்பு' நாவல், ஆனால் ஆளைப் பார்த்துத்தான். 1930இல் ரஷ்ய மொழியில் புத்தகமாக வந்தது, ஆங்கிலத்தில் 1964இல். லூஷின் என்ற பையன். பள்ளிக்கூடத்தில் யாரோடும் ஒட்டாதவன். செஸ் அவனுக்குப் பிடித்துப்போகிறது. பழைய பத்திரிகைகளில் அச்சான ஆட்டங்களைப் பலகையில் வைத்து ஆடிப் பார்க்கத் தொடங்கி, கொஞ்ச நாளில் பலகையையே விட்டுவிடுகிறான். குறியீட்டைக் கண்ணால் ஓட்டினாலே அதற்குள் இருக்கும் ராகம் அவனுக்குக் கேட்கிறது என்று எழுதுகிறார் நபகோவ். குறியீட்டைப் பற்றி நான் படித்ததிலேயே இதைவிட நல்ல இடம் இல்லை. டாக்டர் பி.க்கு எங்கே வினை தொடங்கியதோ, லூஷினுக்கும் அங்கேயேதான் தொடங்குகிறது. பெரிய ஆட்டக்காரனாக வளர்ந்து, இத்தாலியன் துராட்டியோடு ஆடும் ஆட்டம் பாதியில் நிற்கும்போது அவன் மூளை கழன்றுவிடுகிறது. நபகோவ் சும்மா வெளியே நின்று எழுதியவர் இல்லை. செஸ் புதிர்களைத் தானே உருவாக்குபவர், கவிதைகளோடு 18 செஸ் புதிர்களையும் சேர்த்தே ஒரு தொகுப்பு போட்டவர். ஆனாலும் நாவலில் ஆட்டம் நடக்கும் இடங்களில் 'குதிரை எஃப்3' வகையறா கிட்டத்தட்டக் கிடையாது, இசையைப் பற்றிய பேச்சுத்தான் வருகிறது. ராகம் கேட்காத வாசகருக்கு ஸ்வரத்தைக் கொடுத்து என்ன பயன் என்று நினைத்தாரோ என்னவோ.

செஸ் கதை எழுதுகிற எல்லோரும் எடுத்தாக வேண்டிய தீர்மானம் ஒன்று காத்திருக்கிறது. குறியீட்டை எழுதினால் விளையாடத் தெரியாதவர் புத்தகத்தை மூடிவிடுவார். எழுதாவிட்டால் தெரிந்தவர் ஏமாற்று வேலை என்பார். லூயிஸ் கரோல் 1871 இறுதியில் வந்த கண்ணாடி உலகக் கதையில் துணிந்து முதல் வழியை எடுத்தார். ஆலிஸ்தான் வெள்ளைச் சிப்பாய், பதினொரு நகர்த்தலில் ஜெயிக்கிறாள் என்று அறிவித்து, பலகைப் படத்தையும் நகர்த்தல் பட்டியலையும் புத்தகத்தின் முன்னாலேயே வைத்துவிட்டார். எதிரணிக்குக் கறுப்பு இல்லை, சிவப்பு. அன்றைய இங்கிலாந்தில் சிவப்புக் காய்கள் சாதாரணமாகப் புழங்கின.

பட்டியலைப் பார்க்காமல் படிக்கும் குழந்தைக்கு அது வெறும் வேடிக்கைக் கதை. பார்த்துப் படித்தால் இன்னொரு சிரிப்பு இருக்கிறது. சிப்பாய் முதல் தடவை மட்டும் இரண்டு கட்டம் தாவலாம் அல்லவா? ஆலிஸ் டி2இலிருந்து டி4க்குப் போகிறாள், மூன்றாவது கட்டத்தை ரயிலில் ஏறிக் கடக்கிறாள். ஹம்ப்டி டம்ப்டி உட்கார்ந்திருக்கும் மதில் டி6இல். ஏழாவது கட்டத்தில் ஒரு வெள்ளைக் குதிரை வீரர் அவளைக் காடு தாண்டிக் கொண்டுபோய் விடுகிறார். கடைசியில், இதோடு என் நகர்த்தல் முடிந்தது என்று சொல்லித் திரும்பிவிடுகிறார். எட்டாவது கட்டத்தில் ஆலிஸ் தலையில் கிரீடம், சிப்பாய் ராணி ஆகிவிட்டது. ஆட்டக்காரர்கள் விடுவார்களா? வெள்ளையும் சிவப்பும் மாறி மாறி ஆடவில்லையே என்று பிடித்துக்கொண்டார்கள். பிந்தைய பதிப்பின் முன்னுரையில் கரோல் அதை ஒப்புக்கொண்டார். வரிசை முன்பின் இருக்கலாம், ஆனால் கடைசி செக்மேட் விதிப்படி சரியானது, காயை வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று எழுதினார். வேறு எந்தக் குழந்தைக் கதாசிரியருக்கும் இப்படி ஒரு முன்னுரை எழுத நேர்ந்திருக்காது.

நம் பக்கத்துச் செஸ் கதைகளில் நகர்த்தல்களைப் பற்றிக் கவலையே கிடையாது. நீடாமங்கலம் பக்கம் திருப்பூவனூரில் சிவனுக்குச் சதுரங்க வல்லபநாதர் என்று பெயர். சதுரங்கத்தில் யாராலும் வெல்ல முடியாத ராஜகுமாரியை, வேஷம் மாறி வந்த சிவன் ஆடி ஜெயித்து மணந்தார் என்பது தலபுராணம். என்ன ஓப்பனிங், அதாவது ஆட்டத்தின் தொடக்க நகர்த்தல்கள், ஆடினார் என்று கேட்கக் கூடாது. கேரளத்து அம்பலப்புழைக் கோயிலின் பால்பாயசக் கதையும் அப்படித்தான். வேஷம் மாறி வந்த கிருஷ்ணனிடம் ராஜா தோற்றார், கட்டத்துக்குக் கட்டம் இரட்டிப்பாக அரிசி கேட்டார் கிருஷ்ணன், களஞ்சியம் காலி. அங்கே பலகை வெறும் கணக்குப் பாடம்.

இந்தி எழுத்தாளர் பிரேம்சந்தின் லக்னோ கதையை இவற்றோடு சேர்க்க மாட்டேன். 1856, அவத் ராஜ்ஜியத்தைக் கும்பினிக்காரர்கள் விழுங்கப் போகிற நேரம். மிர்சா சஜ்ஜாத் அலி, மீர் ரோஷன் அலி என்ற இரண்டு ஜாகீர்தார்கள் பொழுது விடிந்தால் அடைந்தால் சதுரங்கம். வீட்டில் பெண்டாட்டி தொல்லை என்று கோமதி ஆற்றுக்கு அக்கரையில் ஒரு பாழடைந்த மசூதியில் போய் உட்கார்ந்து ஆடுகிறார்கள். தங்கள் நவாபைக் கைது செய்து கொண்டுபோவது தெரிந்தும் எழுந்திருக்கவில்லை. பலகையில் வைத்துத் திரும்ப ஆடிப் பார்க்கும்படி ஒரு வரிசை நகர்த்தலும் இந்தக் கதையில் இல்லை. ஆனால் கடைசிச் சண்டை எதற்காக வருகிறது தெரியுமா? மீரின் மந்திரி, அதாவது நம் ராணி நிற்கும் இடத்துக் காய், வெட்டுப்படப் போகிறது. காயைக் கையை விட்டுவிட்டாய், அங்கேயே வை என்கிறார் மிர்சா. நான் எப்போது கையை விட்டேன் என்கிறார் மீர். நாம் திண்ணையில் போட்ட அதே சண்டை! அதிலிருந்து வார்த்தை தடித்து, இவர் பரம்பரை அவர் பரம்பரை எல்லாம் இழுபட்டு, வாளை உருவி இருவரும் செத்துப் போகிறார்கள். ராஜாவுக்காக ஒரு சொட்டுக் கண்ணீர் விடாதவர்கள், மரத்தில் செய்த மந்திரிக்காக உயிரை விடுகிறார்கள். சத்யஜித் ராய் 1977இல் இதைப் படமாக எடுத்தபோது இருவரையும் சாகவிடவில்லை, இங்கிலீஷ் விதிப்படி ஆட்டத்தைத் தொடர வைத்துவிட்டார். எது கசப்பு அதிகம் என்பதில் எனக்கு இன்னும் சந்தேகம் உண்டு.

அந்தத் தகராறைத் தீர்க்கத்தான் இன்றைக்குப் பெரிய போட்டிகளில் விதி இருக்கிறது. கையை விட்டால் நகர்த்தல் முடிந்தது, ஆடியவுடன் இருவரும் தாளில் குறியீட்டை எழுத வேண்டும். ஆட்டம் முடிந்து கையெழுத்துப் போட்டுக் கொடுக்கும் அந்தத் தாள்தான் அத்தாட்சி. செஸ் நூலகம் முழுவதும் அந்தத் தாள்களிலிருந்து வளர்ந்ததுதான்.

ஆனால் ஆதியில் அப்படி இல்லை. ஆங்கிலத்தில் அச்சேறிய முதல் புத்தகங்களில் ஒன்று செஸ் புத்தகம், காக்ஸ்டன் 1474இல் மொழிபெயர்த்தது. அதைப் படித்து ஆடக் கற்றுக்கொள்ள முடியாது. உழவன், கொல்லன், வைத்தியன், சத்திரக்காரன் என்று ஒவ்வொரு சிப்பாய்க்கும் ஒரு தொழில் கொடுத்து, யார் யார் எப்படி நடந்துகொள்ள வேண்டும் என்று உபதேசிக்கும் நூல் அது. அப்புறம் வந்த ஆட்டப் புத்தகங்களிலோ நகர்த்தல்களை முழு வாக்கியமாக எழுதினார்கள். 'ராஜாவின் சிப்பாய் இரண்டு கட்டம்.' பத்து நகர்த்தலுக்குள் கொட்டாவி வந்துவிடும்.

இங்கேதான் அலெப்போ ஊர்க்காரர் பிலிப் ஸ்டாமா வருகிறார். சிரியாவிலிருந்து ஐரோப்பாவுக்குப் போய், 1737இல் பாரிஸில் நூறு இறுதியாட்டப் புதிர்களோடு ஒரு புத்தகம் போட்டார். அதில் கட்டங்களுக்கு எழுத்தும் எண்ணும் கொடுத்தார், இன்று நாம் எழுதுவதற்கு மிக நெருக்கமாக. பத்து வருஷம் கழித்து லண்டனில் பிரெஞ்சுக்காரர் பிலிடோரோடு மோதினார், மோசமாகத் தோற்றார். பிலிடோர் 1749இல் தன் புத்தகத்தை வெளியிட்டார், அதில் வாக்கிய நடைதான். சிப்பாய்களே இந்த ஆட்டத்தின் உயிர் என்று அவர் சொன்னதை இன்றும் எல்லோரும் மேற்கோள் காட்டுகிறார்கள். இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் அந்த வாக்கிய நடையே சுருங்கிச் சுருங்கி ஒரு குறியீட்டு முறையாகி, இரண்டு நூற்றாண்டு ஆண்டது. ஸ்டாமாவின் வழி ஜெர்மனியிலும் ரஷ்யாவிலும் வேர் பிடித்தது. உலகச் செஸ் கூட்டமைப்பான ஃபிடே 1981இல் இனி அந்த முறையை மட்டும்தான் ஏற்போம் என்று அறிவித்தது. தோற்றவருடைய கையெழுத்தில்தான் இப்போது உலகமே ஆடுகிறது.

என் நடைபாதைப் புத்தகத்தின் மர்மமும் இதுதான். அது பழைய ஆங்கில முறையில் அச்சானது. அதில் வரிசைகளுக்கு ஏ, பி, சி கிடையாது. அந்தந்த வரிசையின் தலையில் நிற்கும் காயின் பெயர்தான் வரிசையின் பெயர். எண்களை அவரவர் தங்கள் பக்கத்திலிருந்து எண்ணுவார்கள். இன்றைய இ4 வெள்ளைக்கு 'ராஜா 4', அதே கட்டம் கறுப்புக்கு 'ராஜா 5'. ஒவ்வொரு கட்டத்துக்கும் இரண்டு பெயர், புகுந்த வீட்டுப் பெயர் ஒன்று, பிறந்த வீட்டுப் பெயர் ஒன்று மாதிரி. கறுப்பு ஆடும்போதெல்லாம் மனதுக்குள் பலகையைத் திருப்ப வேண்டும். பழைய புத்தகம் வாங்குவதென்றால் உள்ளே ஒரு பக்கம் புரட்டி இதைப் பார்த்துவிட்டு வாங்குங்கள்.

அமெரிக்க ஆட்டக்காரர் பாபி ஃபிஷர் 1969இல் எழுதிய 'என் நினைவில் நிற்கும் 60 ஆட்டங்கள்' முதலில் இந்தப் பழைய முறையில்தான் வந்தது. தான் தோற்ற ஆட்டங்களையும் அவர் அதில் சேர்த்திருந்தார், கர்வத்துக்குப் பெயர் போன மனிதர் செய்ததால் அது தனியாகத் தெரிகிறது. 1995இல் லண்டன் பதிப்பகம் ஒன்று அதைப் புதிய குறியீட்டுக்கு மாற்றி வெளியிட்டபோது, போகிற போக்கில் அவருடைய குறிப்புகளிலும் கைவைத்துவிட்டார்கள். திருத்தம் என்று செய்ததில் ஒன்று தவறு. ஃபிஷர் கொதித்துப்போனார்.

குறிப்புகள் என்றேன். இந்தப் புத்தகங்களில் எழுத்தாளர் பேசும் இடம் அதுதான். நகர்த்தலுக்குப் பக்கத்தில் ஓர் ஆச்சரியக்குறி இருந்தால் பலே. இரண்டு இருந்தால் பிரமாதம். கேள்விக்குறி என்றால் தப்பு. இரண்டு கேள்விக்குறி என்றால் அப்படி ஆடியவர் அன்று ராத்திரி தூங்கியிருக்க மாட்டார். ஆச்சரியக்குறியும் கேள்விக்குறியும் சேர்ந்து வந்தால், சரியா தப்பா தெரியவில்லை ஆனால் சுவாரசியம் என்று அர்த்தம். நாலு குறியில் ஒரு விமர்சகரின் முகபாவம் முழுவதும் வந்துவிடுகிறது.

சிலர் வார்த்தையிலும் கெட்டிக்காரர்கள். ரீகா ஊர்க்காரர் நிம்சோவிச் 1925இல் எழுதிய 'என் முறை' நூலில், எதிரிச் சிப்பாய் எதுவும் மறிக்க முடியாதபடி முன்னேறிவிட்ட சிப்பாயை ஒரு குற்றவாளி என்கிறார். போலீஸ் கண்காணிப்பெல்லாம் அதற்குப் போதாது, பூட்டிச் சிறை வைக்க வேண்டும் என்கிறார். ஒரு தடவை படித்தவருக்கு அந்தப் பாடம் மறக்காது. ஆனாலும் காய் நகர்த்த மட்டும் தெரிந்தவர் இதை முதலில் எடுத்தால் நாலாம் பக்கத்தில் நிற்பார், நான் நின்றேன். டேவிட் பிரான்ஸ்டைன் 1953 சூரிச் போட்டியின் 210 ஆட்டங்களையும் ஒரே புத்தகத்தில் விளக்கியிருப்பது வேறு ஜாதி. பதினைந்து ஆட்டக்காரர்கள், ஒவ்வொருவரும் மற்றவரோடு இரண்டு முறை. போட்டியில் ஆடியவரில் ஒருவரே எழுதியதால் களைப்பு, பயம், பிடிவாதம் எல்லாம் ஆட்டங்களுக்கு நடுவில் எட்டிப் பார்க்கின்றன. நாவல் வாசகருக்கு நான் சிபாரிசு செய்யும் ஆட்டப் புத்தகம் இது.

கதையிலிருந்து புத்தகத்துக்கும் புத்தகத்திலிருந்து கதைக்கும் ஆட்கள் போய்வருவதும் உண்டு. வால்டர் டெவிஸ் 1983இல் எழுதிய 'குயின்ஸ் கேம்பிட்' நாவலில், அனாதை விடுதி நிலவறையில் பெத் என்ற சிறுமிக்குச் செஸ் சொல்லித்தரும் வாயில்லாப் பூச்சி போன்ற பணியாளர் அவளுக்கு ஒரு புத்தகம் தருகிறார். 1911இல் முதலில் வந்து இன்றுவரை பதிப்பு மாறி மாறி விற்கும் நிஜமான ஓப்பனிங் புத்தகம் அது. நாவலின் தலைப்பும் ஓர் ஓப்பனிங்தான்: 1. டி4 டி5 2. சி4. வெள்ளை ஒரு சிப்பாயைப் பலி தருவது போல் நீட்டுகிறது. வாங்கிக்கொண்டால் பெரும்பாலும் திரும்பப் பிடுங்கிவிடும். 2020இல் அது நெட்ஃபிளிக்ஸ் தொடரானபோது முன்னாள் உலக சாம்பியன் காஸ்பரோவ் ஆலோசகர். கடைசி ஆட்டத்தை 1993இல் பீல் நகரில் இவான்சுக்கும் பாட்ரிக் உல்ஃபும் ஆடிய ஆட்டத்திலிருந்து எடுத்து, நடுவில் வேறு வழியில் திருப்பிவிட்டார்கள். நிஜத்தில் அது டிரா. தொடரில் பெத் ஜெயிக்கிறாள். காய் நகர்த்தலில் இவ்வளவு கவனமாக இருந்தவர்கள் வசனத்தில் சறுக்கினார்கள். ஜார்ஜியாவின் நோனா கப்ரிந்தாஷ்விலி ஆண்களோடு ஆடியதே இல்லை என்று ஒரு வரி வந்துவிட்டது. நிஜத்தில் அவர் எத்தனையோ ஆண்களோடு ஆடி, 1978இல் கிராண்ட்மாஸ்டர் பட்டம் பெற்ற முதல் பெண். வழக்குப் போட்டார். 2022இல் சமரசமானது.

புத்தகம் கையில் கிடைத்த சிறுவன் ஒருவனின் கதை நம்மிடமே இருக்கிறது. விஸ்வநாதன் ஆனந்துக்கு ஆறு வயதில் அம்மா சுசீலா செஸ் சொல்லிக் கொடுத்தார். அப்பாவின் வேலை காரணமாகக் குடும்பம் மணிலாவில் கொஞ்ச காலம் இருந்தது. அங்கே டிவியில் பகலில் ஒரு செஸ் நிகழ்ச்சி. அதில் கொடுக்கும் புதிருக்கு விடை அனுப்பினால் பரிசு ஒரு புத்தகம். பையன் பள்ளிக்கூடத்தில் இருக்கும் நேரத்தில் அம்மா புதிரைக் குறித்து வைப்பார், மாலையில் இருவரும் சேர்ந்து போட்டு அனுப்புவார்கள். பரிசு மேல் பரிசு. கடைசியில் நிகழ்ச்சிக்காரர்கள் அவனை நூலகத்துக்குக் கூட்டிக்கொண்டு போய், வேண்டிய புத்தகத்தை எல்லாம் எடுத்துக்கொள், தயவுசெய்து இனிமேல் விடை அனுப்பாதே என்றார்களாம். அம்மா டிவி முன்னால் உட்கார்ந்து குறித்து வைத்தாரே, அதற்கும் இந்த எழுத்தும் எண்ணும் இல்லாமல் முடிந்திருக்காது.

பரணிலிருந்து அந்த அறுபது ரூபாய்ப் புத்தகத்தைப் போன மாதம் இறக்கினேன். இப்போது படிக்க வருகிறது, கறுப்பு ஆடும்போது மட்டும் தலையைக் கொஞ்சம் சாய்த்துக்கொள்கிறேன். முப்பத்தேழாவது ஆட்டத்தில் ஓரிடத்தில், எனக்கு முன்னால் அதை வைத்திருந்த யாரோ ஒருவர் அச்சிட்ட ஆச்சரியக்குறியைப் பென்சிலால் அடித்துவிட்டு, அழுத்தமாக ஒரு கேள்விக்குறி போட்டிருக்கிறார். காரணம் எழுதவில்லை. காயை அடுக்கி வைத்து முக்கால் மணி நேரம் பார்த்தேன். குதிரையைப் பின்னால் இழுத்தால் கறுப்பின் யானை மாட்டிக்கொள்கிறது. பென்சில்காரர் சொன்னதுதான் சரி என்று தோன்றுகிறது. அண்ணன் இந்த ஞாயிற்றுக்கிழமை வருகிறான், அவனிடமும் காட்ட வேண்டும்.